சாட்சிக் கையெழுத்துதானே சார்?

"சாட்சிக் கையெழுத்துதானே சார்?" என்று வாத்தியார் கேட்டார். "படிச்சுப் பாத்துட்டுப் போடுங்க" என்றேன். பொய் சொல்லவில்லை. ஆனால் எங்கள் வங்கியின் ஜாமீன் பத்திரம் முழுக்க ஆங்கிலம், பொடி எழுத்து. பக்கத்து நாற்காலியில் கடன் வாங்கும் தங்கச்சி புருஷன். யார் உட்கார்ந்து படிப்பார்கள்?

இன்னார் கையெழுத்துப் போட்டதைப் பார்த்தேன் என்பதோடு சாட்சியின் வேலை முடிந்தது. அவன் கட்டாவிட்டால் நான் கட்டுகிறேன் என்பவர் ஜாமீன்தாரர். 1872 ஒப்பந்தச் சட்டம், பிரிவு 128: பத்திரத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் ஒழிய, கடனாளிக்கு எவ்வளவு பொறுப்போ அவ்வளவும் இவருக்கு. அசலும் வட்டியும் சேர்த்துத்தான்.

கடனுக்கு ஈடாக இருந்த மாப்பிள்ளையின் விசைப்படகை இலங்கைக் கடற்படை பிடித்துப்போனது. தவணை 90 நாள் தாண்டியதும் கணக்கு வாராக்கடன் ஆனது. நோட்டீஸை நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வாத்தியார் வந்தார். "மாப்ளைக்குத் தங்கச்சிமடத்துல வீடு இருக்கு. அதை விட்டுட்டு என்கிட்ட ஏன் சார் வர்றீங்க?"

நியாயமான கேள்விதான். ஆனால் முதலில் கடனாளியிடம் முட்டிப் பார்த்துவிட்டுத்தான் ஜாமீன்தாரரிடம் வரவேண்டும் என்று வங்கியைக் கட்டாயப்படுத்த முடியாது; உச்ச நீதிமன்றம் 1968-லேயே சொல்லிவிட்டது. மாதச் சம்பளக்காரரிடம் வசூலிப்பது சுலபம் என்பதை நான் வாய்விட்டுச் சொல்லவில்லை.

படகு போனதைக் காட்டியும் தப்ப முடியாது. ஈடாக இருக்கும் பொருளை வங்கியே கைநழுவ விட்டால், அதன் மதிப்பளவுக்கு ஜாமீன்தாரர் விடுபடலாம் (பிரிவு 141). கடற்படை பிடித்தது வங்கி செய்த காரியமல்ல. ஜாமீன்தாரரைக் கேட்காமல் கடனாளிக்குத் தவணை நீட்டி வங்கி ஒப்பந்தம் போட்டாலும் விடுதலை உண்டு (135). வழக்குப் போடாமல் சும்மா காத்திருந்தால் கிடையாது (137). இதில் வேடிக்கை, "இந்த உரிமைகளைக் கோரமாட்டேன்" என்று அதே பத்திரத்தில் ஒரு பத்தி இருக்கும். வாத்தியார் அந்தப் பத்தியில் விரலை வைத்தபடி என்னைப் பார்த்தார். எழுத்துக்கூட்டிப் படிக்கும் பிள்ளை மாதிரி விரல் வரிவரியாக நகர்ந்தது.

"சம்பளத்துல எவ்வளவு பிடிப்பாங்க?"

தாளில் போட்டுக் காட்டினேன். தீர்ப்பு வந்து ஜப்தி என்றால், விலக்கான படிகள் போக 61,000 ரூபாய் நிற்கிறது என்று வைத்துக்கொள்வோம். முதல் 1,000 தொடக்கூடாது. மீதி 60,000-இல் மூன்றில் இரண்டு பங்கையும் தொடக்கூடாது. மாதம் 20,000 போகும். ஒரே தீர்ப்புக்கு மொத்தம் 24 மாதம்தான்; அப்புறம் அந்தத் தீர்ப்பைக் காட்டிச் சம்பளத்தில் கை வைக்க முடியாது. பென்ஷன் ஜப்திக்கு வராது. கூட்டிப் பார்த்தார், 4,80,000. "மூத்தவ கல்யாணத்துக்குச் சேத்தது" என்றார்.

கட்டினால் ரசீதைத் தன் பெயரில் வாங்கவேண்டும், அதை வைத்துக் கடனாளியிடம் திரும்பக் கேட்கலாம் (145), ஈட்டின் மீது வங்கிக்கு இருந்த உரிமையும் அவர் கைக்கு வரும் (140), இன்னொரு ஜாமீன்தாரர் இருந்தால் சரிபாதி கேட்கலாம் (146) என்றெல்லாம் அன்று மளமளவென்று சொன்னேன். லோக் அதாலத்தில் பேசி முடித்தால் உத்தரவில் உங்கள் பெயரும் விடுபட்டதாக இருக்கட்டும் என்றேன். தங்கச்சி புருஷன் மேல் எந்த அண்ணன் வழக்குப் போடுவான்?

முன்பே விளக்கியிருந்தால் அவர் எழுந்து போயிருப்பார், கடன் கிடைக்காமல் போயிருக்கும், மாப்பிள்ளை கந்துவட்டிக்குப் போயிருப்பார். இப்படித்தான் சமாதானம் சொல்லிக்கொள்கிறேன். அந்த மாதக் கடன் இலக்கு எட்டாமல் இருந்ததும் கூடவே ஞாபகம் வந்து தொலைக்கிறது.

இப்போதெல்லாம் ஜாமீன் போட வருகிறவரிடம், "இந்தக் கடனை நீங்க வாங்குறீங்க, சம்மதமா?" என்று தமிழிலேயே கேட்டுவிடுகிறேன். மீன்பிடித் தடைக்காலத்தில் எஞ்சின் வேலைக்குக் கடன் கேட்ட ஒருவரின் பெரியப்பா அதைக் கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டார். ஜூன் 15 அன்று எல்லாப் படகும் கிளம்பியபோது அவர் படகு கரையில் கிடந்தது.