சந்தேகம் வந்த நிமிடத்திலேயே

கப்பலின் பிரிட்ஜில், அதாவது கப்பலை நடத்தும் மேல்தள அறையில், கேப்டனின் அறைக்கு நேராகப் போகும் தொலைபேசி ஒன்று இருக்கும். கடற்படையில் இளநிலை அதிகாரியாகச் சேர்ந்து, ஒரு போர்க்கப்பலின் கேப்டன் நாற்காலியில் உட்கார எனக்குப் பதினாறு ஆண்டுகள் ஆயின. எத்தனையோ தேர்வுகள் எழுதினேன். ஆனால் எனக்கு மிகவும் கடினமாக இருந்த பாடம் அந்தத் தொலைபேசியை எப்போது எடுப்பது என்பதுதான். இந்த வழியில் வர நினைக்கும் பெண்களுக்காக அதைக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதல் படி, தனியாக வாட்ச் நிற்பதற்கான (குறிப்பிட்ட மணி நேரம் கப்பலை நடத்தும் பொறுப்புக்கான) சான்று. கேப்டன் தூங்கும்போது கப்பலை உங்களிடம் விட்டுவிட்டுத் தூங்கலாம் என்று அவரே கையெழுத்திட்டுக் கொடுப்பது அது. அது கிடைக்காமல் அடுத்த எந்தப் படிக்கும் போக முடியாது. ஒரு பதிவேட்டைக் கையில் தருவார்கள். நங்கூரம் போடுவது, கடலில் விழுந்தவரை மீட்கக் கப்பலைத் திருப்புவது, ரேடாரில் தெரியும் கப்பலைத் தொடர்ந்து கணிப்பது என்று ஒவ்வொன்றையும் செய்துகாட்டி மூத்த அதிகாரிகளிடம் கையெழுத்து வாங்க வேண்டும். கூடவே 1972-இல் உருவாகி 1977-இல் நடைமுறைக்கு வந்த சர்வதேச மோதல் தடுப்பு விதிகள். அவற்றை நான் வரி பிசகாமல் மனப்பாடம் செய்தேன். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன்.

சுக்கான் பிடிப்பவருக்கு உத்தரவு கொடுப்பதும் ஒரு பாடம். "குரலை உயர்த்து" என்று எனக்கு எல்லோரும் சொன்னார்கள். உயர்த்தினால் என் குரல் கிறீச்சிட்டது. கடைசியில் ஒரு மூத்த மாலுமிதான் சொல்லிக்கொடுத்தார்: "மெதுவாச் சொல்லுங்க மேடம். அவன் அதைத் திருப்பிச் சொல்றவரைக்கும் அடுத்த வார்த்தை பேசாதீங்க." அவ்வளவுதான். அன்றிலிருந்து நான் கத்தியதே இல்லை.

இனி அந்த இரவு. நள்ளிரவிலிருந்து நாலு மணி வரையான வாட்ச். கண் இருட்டுக்குப் பழக அரை மணி நேரம் ஆகும் என்பதால் சீக்கிரமே மேலே வந்துவிட்டேன். சான்றுக்கு இன்னும் சில கையெழுத்துகளே பாக்கி. எனக்கு மேல் பொறுப்பில் இருந்த அதிகாரி வேண்டுமென்றே சற்று ஒதுங்கி நின்று என்னை நடத்தவிட்டிருந்தார். எங்கள் வேகம் 14 நாட், அதாவது மணிக்கு 14 கடல் மைல். ரேடாரில் எட்டு கடல் மைல் தொலைவில், வலது முகப்பில் ஒரு சரக்குக் கப்பல். சிறிது நேரத்தில் அதன் சிவப்பு விளக்கு தெரிந்தது. அதாவது அதன் இடப்பக்கத்தைப் பார்க்கிறோம், அது நம் குறுக்கே வருகிறது, விலக வேண்டியது நாம். திசைகாட்டியில் அதன் பேரிங்கை, அதாவது அது எந்தத் திசையில் தெரிகிறது என்ற கோணத்தைப் பார்த்தேன். மூன்று நிமிடம் கழித்து மறுபடியும் பார்த்தேன். எண் மாறவில்லை. தூரம் குறைய, பேரிங் மாறாமல் இருந்தால் மோதல் ஆபத்து உண்டு என்பது விதி 7.

என்ன செய்ய வேண்டும் என்று எனக்குத் தெரியும். போதிய நேரம் இருக்கும்போதே வலப்பக்கம் நன்றாகத் திரும்பி, அதன் பின்னால் போக வேண்டும். ஆனால் வலப்பக்கம் நிறைய மீன்பிடிப் படகுகள். ஒவ்வொன்றிலும் மேலே சிவப்பு, கீழே வெள்ளை விளக்கு. எங்கே இடைவெளி இருக்கிறது என்று தேடிக்கொண்டே இருந்தேன். எந்தக் கப்பலானாலும் இரண்டு மைலுக்குள் கடக்கும் என்று தெரிந்தால் தன்னை அழைக்க வேண்டும் என்று கேப்டன் நைட் ஆர்டர் புத்தகத்தில் எழுதியிருந்தார். அதன் கீழே நான் கையெழுத்தும் போட்டிருந்தேன். தொலைபேசி என் கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தது.

நான் எடுக்கவில்லை. ஏன் என்பதை அப்படியே சொல்லிவிடுகிறேன். பிரிட்ஜில் நான் ஒருத்திதான் பெண். என்னோடு பயிற்சி பெற்ற ஆண் அதிகாரிகள் கேப்டனை எழுப்பினால் அது ஜாக்கிரதை. நான் எழுப்பினால் பயம் என்று பேசுவார்களோ என்று என் மனம் கணக்குப் போட்டது. அப்படி யாரும் என்னிடம் சொன்னதில்லை. நானாகவே சுமந்த சுமை அது. சுமை மட்டும் உண்மையாகவே கனத்தது.

எட்டு மைல் மூன்று மைலாகக் குறைந்த பிறகுதான் எடுத்தேன். அதற்குள் என் மேலதிகாரியும் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். கேப்டன் செருப்போடு ஓடிவந்தார். ஜன்னலில் ஒரு பார்வை, ரேடாரில் ஒரு பார்வை. எஞ்சினை நிறுத்தச் சொன்னார். திரும்ப இடமில்லாவிட்டால் வேகத்தைக் குறைக்கலாம் என்பதும் விதியில் இருக்கிறது, நானே பலமுறை ஒப்பித்த வரி. அந்த நேரத்தில் எனக்கு அது தோன்றவே இல்லை. சரக்குக் கப்பல் எங்கள் முன்னால் அரை மைலில் மெதுவாகக் கடந்து போனது.

அவர் திட்டவில்லை. "எப்போது முதல் சந்தேகம் வந்தது?" என்று மட்டும் கேட்டார். "பதினைந்து நிமிடத்துக்கு முன்னால், சார்." "அந்தப் பதினைந்து நிமிடம் எனக்குச் சேர வேண்டியது. அதை நீ வைத்துக்கொண்டாய்" என்றார்.

சான்று மூன்று மாதம் தள்ளிப்போனது. அன்று அழுதேன். இன்று யோசித்தால், அவர் அப்போதே கையெழுத்துப் போட்டிருந்தால் நான் ஆபத்தான அதிகாரியாகத்தான் ஆகியிருப்பேன்.

பல ஆண்டுகள் கழித்து, 2017 ஜூனில், ஜப்பான் கடலோரத்தில் அமெரிக்கப் போர்க்கப்பலான ஃபிட்ஸ்ஜெரால்டு ஒரு சரக்குக் கப்பலோடு மோதியது. பின்னிரவு ஒன்றரை மணி. வலப்பக்கத்திலிருந்து குறுக்கே வந்த கப்பல், விலக வேண்டியது ஃபிட்ஸ்ஜெரால்டு. கேப்டனை யாரும் எழுப்பவில்லை. மோதலில் நொறுங்கிய இடங்களில் அவருடைய அறையும் ஒன்று. ஏழு மாலுமிகள் இறந்தார்கள். அந்த விசாரணை அறிக்கையை நான் உட்கார்ந்து படிக்கவில்லை, எழுந்து நடந்துகொண்டே படித்தேன். என் இரவுக்கும் அந்த இரவுக்கும் நடுவில் இருந்தது அரை மைல்தான்.

என் சான்றுக்குத் திரும்புகிறேன். தள்ளிப்போன அந்த மூன்று மாதத்துக்குப் பிறகு வாய்மொழித் தேர்வு. "மூடுபனி. ரேடாரில் உன் வலது முகப்பில் ஒரு கப்பல். யாருக்கு முன்னுரிமை?" நேரில் பார்த்துப் போகும் கப்பல்களுக்கான விதியைச் சொல்லப் போய், நிறுத்திக்கொண்டேன். ஒருவரையொருவர் பார்க்க முடியாத மூடுபனியில் விதி 19. யாருக்கும் முன்னுரிமை கிடையாது, இருவருமே பாதுகாப்பான வேகத்துக்கு வந்து தவிர்க்க வேண்டும், முன்பக்கம் இருக்கும் கப்பலுக்காக இடப்பக்கம் திரும்புவதைக் கூடியவரை தவிர்க்க வேண்டும். "எல்லாவற்றுக்கும் முன்னால் கேப்டனைக் கூப்பிடுவேன்" என்றும் சேர்த்தேன். கையெழுத்து விழுந்தது.

அதன் பிறகு வந்த ஆண்டுகளை வேகமாகக் கடந்துவிடலாம். பிரிவுத் தலைவர், கரைப் பணி, மகள் பிறந்தது, மறுபடி கடல், அடுத்து ஒரு கப்பலில் கேப்டனுக்கு அடுத்த நிலை. கரையில் கழியும் ஒவ்வோர் ஆண்டும் கடல் அனுபவக் கணக்கில் விழும் ஓட்டை. பிள்ளை பெற்றுத் திரும்பும் பெண்ணுக்கு அந்த ஓட்டையை நிரப்ப வாய்ப்புக் கொடுக்கும் கடற்படையில்தான் பெண் கேப்டன்கள் வருவார்கள். எனக்கு அந்த வாய்ப்பு கிடைத்தது. என்னைவிடத் திறமையான இருவருக்குக் கிடைக்கவில்லை. அதை நினைத்தால் இன்றும் மனம் ஆறவில்லை.

"பெண் கேப்டன்கள் ஏன் இவ்வளவு குறைவு?" என்று கேட்பவர்களிடம் நான் ஆண்டுகளைச் சொல்வேன். பிரிட்டனின் போர்க்கப்பல்களில் பெண்கள் கடலுக்குப் போகத் தொடங்கியது 1990-இல். சாரா வெஸ்ட், ஹெச்எம்எஸ் போர்ட்லேண்ட் என்ற பெரிய போர்க்கப்பலின் பொறுப்பை ஏற்றது 2012-இல். இந்தியக் கடற்படை மருத்துவம் தவிர்த்த பிரிவுகளில் பெண் அதிகாரிகளைச் சேர்க்கத் தொடங்கியது 1992-இல். பிரேர்ணா தேவஸ்தலி ஐஎன்எஸ் டிரிங்கட் என்ற போர்க்கப்பலின் தலைமைக்கு நியமிக்கப்பட்டது 2023-இல். நார்வேயில் மட்டும் 1995-லேயே சோல்வெய்க் க்ரே ஒரு நீர்மூழ்கிக் கப்பலுக்குத் தலைமை ஏற்றுவிட்டார். வெளியிலிருந்து ஒரு கேப்டனைக் கொண்டுவந்து உட்கார வைக்க முடியாது. கடைநிலை அதிகாரியாகக் கடலுக்குப் போனவர்தான் பதினைந்து, இருபது ஆண்டு கழித்து அந்த நாற்காலிக்கு வர முடியும். கடலுக்கான கதவு தாமதமாகத் திறந்த இடத்தில் தலைமைக்கான கதவும் அவ்வளவு தாமதமாகத்தான் திறக்கும்.

கப்பலைக் கையாளும் பயிற்சி மட்டும் எனக்குச் சந்தோஷமாகவே போனது. முன்னே போகும் கப்பல், முகப்பிலிருந்து சுமார் மூன்றில் ஒரு பங்கு தூரத்தில் உள்ள புள்ளியைச் சுற்றித் திரும்பும். முகப்பு திரும்புவது கொஞ்சம்தான், பின்புறம்தான் பெரிதாக வீசும். துறைமுகச் சுவரை நெருங்கும்போது முன்னால் மட்டும் பார்ப்பவர் பின்பக்கத்தை இடித்துவிடுவார். காற்று மேல்தளத்தைத் தள்ளும், நீரோட்டம் அடிப்பாகத்தை இழுக்கும், இரண்டும் ஒரே திசையில் இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. பத்து முறை செய்தால் பத்தும் வேறு மாதிரி இருக்கும். இதில் யாரும் என்னை ஆணா பெண்ணா என்று பார்க்கவில்லை. கயிறு கரைக்குப் போனதா என்றுதான் பார்த்தார்கள்.

பொறுப்பேற்ற அன்று மாலை கப்பல் புறப்பட்டது. முதல் வேலையாக நைட் ஆர்டர் புத்தகத்தை எடுத்தேன். தூரம், வேகம் எல்லாம் எழுதிவிட்டு, "சந்தேகம் வந்த நிமிடத்திலேயே கூப்பிடவும். காரணம் சொல்ல வேண்டியதில்லை" என்று எழுதினேன். படுத்தேன், தூக்கம் வரவில்லை. செருப்பு போடாமல் ஷூவை அவிழ்த்துக் கட்டில் அருகிலேயே வைத்திருந்தேன்.

இரண்டே முக்காலுக்கு மணி அடித்தது. இளைஞன் ஒருவன், வாட்ச் அதிகாரியாக அவனுக்கு முதல் மாதம். "மேடம், தொந்தரவுக்கு மன்னிக்கணும். வலது முகப்பில் ஒரு டேங்கர், ஏழு மைல். பேரிங் மாறுகிற மாதிரிதான் தெரியுது, ஆனா நிச்சயமா சொல்ல முடியலை."

மேலே போனேன். இருட்டில் எனக்கு ஒன்றும் தெரியவில்லை, கண் பழகவே நேரம் பிடித்தது. அவனைப் பேரிங் படிக்கச் சொன்னேன். படித்தான். மூன்று நிமிடம் கழித்து மறுபடி படித்தான். எண் கொஞ்சம் கொஞ்சமாக மாறிக்கொண்டிருந்தது. டேங்கர் எங்களுக்கு முன்னால் நல்ல தூரத்தில் கடக்கும். நான் வந்திருக்கவே தேவையில்லை. அவன் முகம் எனக்குத் தெரியவில்லை, ஆனால் மறுபடி மன்னிப்புக் கேட்கத் தொடங்கினான்.

"நாளைக்கும் இதே மாதிரி இருந்தால் நாளைக்கும் கூப்பிடு" என்றேன். பிறகு, டேங்கரின் சிவப்பு விளக்கு மறைந்து பின்புற வெள்ளை விளக்கு தெரியும் வரை அவன் பக்கத்திலேயே நின்றிருந்தேன்.