குரூப் 1 மெயின்ஸ்: தாமஸ் மன்றோவை நான் படித்த விதம்

ரிசல்ட் வந்து நான்கு நாள் ஆகிறது. இரண்டாவது முயற்சியில் தேறிவிட்டேன். அம்மா இன்னும் தொலைபேசியில் ஒவ்வொருவருக்காகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். சிலபஸ், புத்தகப் பட்டியல் எல்லாம் உங்களுக்குத் தெரியும். நவீன வரலாற்றில் என் மார்க்கைத் தூக்கிவிட்ட ஒரே விஷயத்தை மட்டும் எழுதுகிறேன்: கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரியாக இருந்து சென்னை ஆளுநரான தாமஸ் மன்றோவைப் படித்த விதம்.

முதல் முறை நிலவரியை அட்டவணை போட்டுப் படித்தேன். நிரந்தர நிலவரி, காரன்வாலிஸ், 1793. இரயத்துவாரி (அரசாங்கமே உழுகிறவரிடம் நேரடியாக வரி வாங்கும் முறை), மன்றோ, 1820. டெஸ்ட் சீரிஸில் இரயத்துவாரி உருவான விதத்தைக் கேட்டபோது அரைப் பக்கத்தில் சரக்கு தீர்ந்துவிட்டது. மீதியை நன்மை, தீமை என்று நிரப்பினேன். திருத்தியவர் ஓரத்தில் சிவப்பு மையில் எழுதியிருந்தது இவ்வளவுதான்: "1820க்கு முன்?" எனக்குப் பதில் தெரியவில்லை. மெயின்ஸிலும் அதே மாதிரிதான் எழுதினேன், நேர்முகத்துக்கு அழைப்பு வரவில்லை.

அந்தக் கோடையில் அப்பாவுடன் ஜமாபந்திக்குப் (கிராம வருவாய்க் கணக்குகளை ஆண்டுதோறும் தணிக்கை செய்யும் நிகழ்ச்சி) போனேன். எங்கள் ஊர் ஊத்தங்கரைப் பக்கம். மேசை மேல் கிராமக் கணக்குகள் கட்டுக்கட்டாக இருந்தன. அட்டையில் பசலி (வருவாய்த்துறை ஆண்டு) 1434. அப்பா கையில் பிளாஸ்டிக் உறைக்குள் ஒன்றரை ஏக்கருக்கான பட்டா. இடையில் ஜமீன்தார் யாரும் இல்லாமல் அரசாங்கமும் உழுகிறவரும் நேருக்கு நேர் நிற்கிற அந்த ஏற்பாடு, எங்கள் மண்ணில்தான் முதலில் சோதித்துப் பார்க்கப்பட்டது என்பது அன்று இரவு படித்தபோதுதான் உறைத்தது. 1792இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் திப்புவிடமிருந்து பாராமகால், அதாவது எங்கள் கிருஷ்ணகிரி, தருமபுரிப் பகுதி, கம்பெனி கைக்கு வந்தது. அதை நிர்வகித்தவர் கேப்டன் அலெக்சாண்டர் ரீட். அவருடைய உதவியாளர்களில் ஒருவர்தான் மன்றோ.

அப்புறம் அட்டவணையைக் கிழித்துவிட்டு, ஓர் அதிகாரியின் பணிப்பதிவேடு மாதிரி எழுதிக்கொண்டேன்:

1780: கிளாஸ்கோவிலிருந்து சென்னை, காலாட்படை கேடட். ஹைதர் அலியுடனான போர்.
1792–99: பாராமகால்.
1799: கனரா (கர்நாடகக் கடலோரம்).
1800–07: நிஜாம் விட்டுக்கொடுத்த கடப்பை, பெல்லாரிப் பகுதி. பாளையக்காரர் ஒடுக்கம் இங்கே.
1807–14: இங்கிலாந்து.
1814: நீதித்துறை கமிஷன் தலைவராகத் திரும்புகிறார்.
1817–18: மராத்தியப் போர்.
1820–27: சென்னை ஆளுநர்.

1807ஐ மட்டும் விட்டுவிடாதீர்கள். முழு விடையும் அங்கேதான் இருக்கிறது. ஊருக்குக் கிளம்பும் முன் மன்றோ, வரி அதிகம், கால் பங்கு குறைக்க வேண்டும் என்று பரிந்துரைத்தார். வருவாய் வாரியம் அதை ஏற்காமல், ஊர் முழுவதன் வரியையும் மொத்தமாகக் குத்தகைக்கு விடும் கிராமக் குத்தகை முறைக்குப் போய்விட்டது. குத்தகை தோற்றது. லண்டனில் கம்பெனி இயக்குநர்கள் மனம் மாறினார்கள். பிறகுதான் 1820. அதாவது இரயத்துவாரி ஒருமுறை வந்து, கைவிடப்பட்டு, திரும்ப வந்தது. இதை எழுதினால் விடை நகரும். கூடவே, விவசாயியின் நண்பர் என்று பெயர் வாங்கியவரின் ஏற்பாட்டிலேயே வரி அவர்கள் முதுகை ஒடித்தது என்பதையும் எழுதுங்கள். அவரே குறைக்கச் சொன்னதுதான் அதற்குச் சாட்சி. நான் அவருக்குச் சிலை வைக்கச் சொல்லவில்லை. சிலை சென்னையில் ஏற்கெனவே இருக்கிறது, அங்கவடி (கால் வைக்கும் வளையம்) இல்லாத குதிரை மேல்.

1816 சட்டங்கள் இன்னொரு புதையல். மாஜிஸ்திரேட் அதிகாரம் நீதிபதியிடமிருந்து கலெக்டருக்கு வந்தது, ஊரிலேயே சிறு வழக்குகளை விசாரிக்கும் கிராம முன்சீப் வந்தார். கலெக்டருக்கு ஏன் இவ்வளவு அதிகாரம் என்று நேர்முகத்தில் கேட்டால் இங்கிருந்து தொடங்கலாம்.

கல்விக்கு: 1822இல் அவர் உத்தரவிட்ட கணக்கெடுப்பு. 1826 குறிப்பின்படி மாகாணத்தில் 12,498 பள்ளிகள், 1,88,650 மாணவர்கள். இந்த இரண்டு எண்களும் கையில் இருந்தால் ஆங்கிலக் கல்விக்கு வழிவகுத்த மெக்காலேக்கு முன் இங்கே பள்ளியே இல்லை என்ற வரியை யாரும் எழுத மாட்டார்கள்.

நான் மெதுவாகப் படிக்கிறவள். ஓர் ஆளைப் பிடித்துக்கொண்டால்தான் ஆண்டுகள் மனதில் நிற்கும். வேகமாகப் படிப்பவர்களுக்கு இது இழுவையாகத் தோன்றலாம், சரி. ஆனாலும் ஒரே ஒருவரையாவது இப்படிப் படியுங்கள். சில குறிப்புகள்:

ரீட் பெயரை விடாதீர்கள்.
கிராமக் குத்தகையை ஒரு வரியில் முடிக்காதீர்கள்.
வரைபடம் போடுங்கள். பாராமகால், கனரா, கடப்பை, பெல்லாரி. இரண்டு நிமிடம் போதும்.
இறப்பு ஆண்டை ஆளுநர் பதவியோடு சேர்த்தே வையுங்கள்: 1827 ஜூலை, பத்திகொண்டா, காலரா. பதவி விலகல் கேட்டுவிட்டு, தான் ஏழு ஆண்டு வேலை பார்த்த பகுதியைக் கடைசியாகப் பார்க்கப் போன இடத்தில்.

அந்தப் பத்தியை எழுதும்போது எனக்கு அழுகை வந்தது. அடுத்த வாரம் அப்பாவுடன் பட்டா பெயர் மாற்றத்துக்குத் தாலுகா அலுவலகம் போகிறேன். அதன் பிறகு பொருளாதாரத் தாளைப் பற்றி எழுதுகிறேன்.