வாத்துக்காரர் கேட்ட கேள்வி

வாத்து முட்டையிடுவது விடிவதற்கு முன்னால். கோழி மாதிரி இடம் தேடி உட்கார்ந்து, இட்டு முடித்ததும் ஊரைக் கூட்டுகிற வழக்கமெல்லாம் அதற்குக் கிடையாது, பட்டிக்குள் நின்ற இடத்திலேயே சேற்றில் போட்டுவிட்டு நகர்ந்துவிடும். அதனால் வாத்துக்காரர்கள் நாலரை மணிக்கே டார்ச்சோடு வலைக்குள் இறங்கி, கால் வைக்கும் இடம் பார்த்துப் பார்த்துப் பொறுக்குவார்கள். 2021 ஜனவரியில் ஒருநாள் நானும் ஒரு கூடையைத் தூக்கிக்கொண்டு இறங்கினேன். வீட்டிலிருந்தே வேலை பார்த்த காலம், ஊரில்தான் கிடந்தேன்.

எங்கள் ஊர் காட்டுமன்னார்கோவில் பக்கம். சம்பா அறுவடை முடிகிற நேரத்தில் ஆரணிப் பக்கத்திலிருந்து ஒரு அண்ணன் வாத்துக் கூட்டத்தை லாரியில் ஏற்றிக்கொண்டு வருவார், பல வருஷமாக எங்கள் வயலில்தான் பட்டி போடுவார். சிந்தின நெல், நத்தை, பூச்சி எல்லாம் வாத்துக்கு. எச்சம் எங்களுக்கு. காசு பேச்சே கிடையாது, அம்மாவுக்கு அவ்வப்போது முட்டை வரும், அவ்வளவுதான். அந்த வருஷம் பருவம் தப்பிப் பெய்த மழையில் கதிரெல்லாம் சாய்ந்து வயலிலேயே முளைத்துக் கிடந்தது. அப்பா தலையில் கைவைத்து உட்கார்ந்திருக்க, வாத்துகளுக்கு மட்டும் கல்யாணச் சாப்பாடு.

கூடை நிறைந்தும் அண்ணன் முகத்தில் சுரத்தே இல்லை. “பொறுக்கி என்ன தம்பி பண்றது, கேரளாவுக்குப் போற வண்டி வரலையே” என்றார். நம் ஊரில் வாத்து முட்டையைத் தேடி வாங்குகிறவர்கள் கொஞ்சம்தான். அவர் முட்டை பெரும்பாலும் எல்லை தாண்டித்தான் போகும். அங்கே குட்டநாட்டில் அந்த மாதத் தொடக்கத்தில்தான் பறவைக் காய்ச்சல் உறுதியாகியிருந்தது. ஆலப்புழை மாவட்டத்தில் நெடுமுடி, தகழி, பள்ளிப்பாடு, கருவாற்றா, கோட்டயத்தில் நீண்டூர். போபாலில் இருக்கிற கால்நடை நோய் ஆய்வகம் சொன்ன கிருமி வகை எச்5என்8. 12,000 வாத்துகள் வரை ஏற்கெனவே செத்துவிட்டதாகச் செய்தி, மிச்சத்தைக் கொல்ல ஆட்கள் பாதுகாப்பு உடையோடு இறங்கிவிட்டார்கள். சுற்றி ஒரு கிலோமீட்டருக்குள் இருக்கிற வளர்ப்புப் பறவை எதுவாக இருந்தாலும், நோய் இருக்கிறதோ இல்லையோ, கணக்கில் சேர்ந்துவிடும்.

குட்டநாட்டுக்கு இது புதுசும் இல்லை. 2014 நவம்பரில் கிறிஸ்துமஸ் விற்பனைக்காக வளர்த்து வைத்திருந்த வாத்தெல்லாம் எச்5என்1ல் போனது, 2016ல் எச்5என்8ல் மறுபடியும். கடல் மட்டத்துக்குக் கீழே இருக்கிற வயல், சுற்றிலும் காயலும் வாய்க்காலும், நெல் அறுத்ததும் வாத்து இறங்கும், அதே தண்ணீரில்தான் கொக்கும் நாரையும் வடக்கிலிருந்து வரும் காட்டு வாத்தும். கிருமிக்கு இதைவிட வசதியான இடம் வேறு எங்கே கிடைக்கும்?

டிவியில் எல்லோரும் ஒரே வார்த்தையைச் சொல்லிக்கொண்டிருந்தார்கள்: வலசைப் பறவைகள் கொண்டுவந்துவிட்டன. அண்ணன் அதைக் கேட்டுவிட்டுத்தான் அந்தக் கேள்வியைப் போட்டார். வீராணம் ஏரிப் பக்கம் கையைக் காட்டி, “ஆகாசத்துல வர்ற வாத்துதான் கொடுத்துட்டுப் போவுதுன்னா, அது சாவாம அம்மாந்தூரம் எப்படிப் பறந்து வருது? எங்க வாத்து மட்டும் ஏன் சாவுது?”

எனக்கு அன்றைக்குப் பதில் தெரியவில்லை. கிடைத்ததையெல்லாம் படித்தபிறகு கொஞ்சம் விளங்கியது. இப்போதும் நான் ஒன்றும் கால்நடை மருத்துவர் இல்லை, பறவை பார்க்கிற பைத்தியம் மட்டும்தான்.

பறவைக் காய்ச்சல் கிருமிக்குக் காட்டு வாத்துதான் சொந்த வீடு. குடலில் இருக்கும், எச்சத்தில் வெளியேறும், தண்ணீரில் கலக்கும், அந்தத் தண்ணீரில் மேய்கிற அடுத்த வாத்துக்குப் போகும். குளிர்ந்த நீராக இருந்தால் வாரக்கணக்கில் உயிர்ப்போடு இருக்கும். பெரும்பாலும் வாத்துக்கு ஒன்றும் ஆவதில்லை, ஏனென்றால் அந்தக் கிருமி சாது வகை. அந்தக் கிருமி செல்லுக்குள் நுழைய வேண்டுமானால் அதன் மேலிருக்கும் ஒரு புரதத்தை யாராவது வெட்டிவிட வேண்டும். சாது வகையை வெட்டுகிற நொதி குடலிலும் மூச்சுக்குழாயிலும்தான் கிடைக்கும், அதனால் அங்கேயே அடங்கிக் கிடக்கும். இந்தச் சாது ஆயிரக்கணக்கில் கோழியை நெருக்கி அடைத்திருக்கும் கொட்டகைக்குள் நுழைந்து, ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவித் தாவி, எச்5, எச்7 என்ற இரண்டு வகையில் மட்டும், அந்த வெட்டுகிற இடத்தில் ஒரு சின்ன மாற்றம் ஏற்பட்டுவிட்டால் அவ்வளவுதான். அப்புறம் உடம்பில் எந்த உறுப்பில் இருக்கிற நொதியும் வெட்டிவிடும். மூளை, இதயம், ஈரல் என்று எல்லா இடத்துக்கும் பரவும். கோழி ரெண்டே நாளில் கொத்துக் கொத்தாகச் சாவது இதனால்தான்.

இன்றைக்கு உலகம் முழுக்க ஆட்டிப்படைக்கிற எச்5 பரம்பரையின் மூதாதை முதலில் கண்டுபிடிக்கப்பட்டது எந்த ஏரியிலும் இல்லை. 1996ல் சீனாவின் குவாங்தோங் மாகாணத்தில், பண்ணையில் வளர்ந்த ஒரு பெருவாத்தில், அதாவது கூஸில். அடுத்த வருஷம் ஹாங்காங்கில் 18 பேருக்குத் தொற்றி 6 பேர் இறந்தார்கள், அந்த ஊர்க் கோழிகள் அத்தனையையும் கொன்றார்கள். நம் வளர்ப்புக் கூட்டத்தில் முற்றியது மெதுவாகக் காட்டுப் பறவைகளுக்குத் திரும்பிப் போனது. 2005ல் சீனாவின் சிங்ஹாய் ஏரியில் ஆயிரக்கணக்கான பறவைகள் செத்தன, அதில் நிறைய வரித்தலை வாத்துகள்.

வரித்தலை வாத்து என்றதும் எனக்குக் கூந்தன்குளம்தான் ஞாபகம் வரும். இமயமலையைத் தாண்டிப் பறந்து திருநெல்வேலி வரை வருகிற பறவை, வெள்ளைத் தலையில் ரெண்டு கறுப்புப் பட்டை போட்டிருக்கும். அந்த ஊர்க்காரர்கள் பறவைகளை வீட்டுப் பிள்ளை மாதிரி பார்த்துக்கொள்வார்கள், எச்சம் கலந்த தண்ணீர் வயலுக்கு உரம் என்பது அவர்கள் கணக்கு. குட்டநாட்டில் வாத்து செத்துக்கொண்டிருந்த அதே ஜனவரியில், இமாச்சலத்தின் பொங் அணையில் இதே வரித்தலை வாத்துகள் ஆயிரக்கணக்கில் கரையொதுங்கிக் கிடந்தன. ஆனால் பொங்கில் இருந்தது எச்5என்1, குட்டநாட்டில் இருந்தது எச்5என்8. ரெண்டும் வேறு வேறு. டிவியில் ரெண்டையும் ஒரே படத்தில் ஒட்டி, அம்புக்குறி போட்டு வடக்கிலிருந்து தெற்கே இழுத்தார்கள், பார்க்கப் பார்க்க எரிச்சலாக வந்தது. வலசைப் பறவைக்குப் பங்கே இல்லை என்று நான் சொல்லவில்லை. குட்டநாட்டுக்கு அதைக் கொண்டுவந்தது ஏதோ ஒரு காட்டு வாத்தாகவே இருக்கலாம். ஆனால் அது சுமந்து வந்தது, நம் ஆட்கள் வளர்த்த பறவைக்குள் முற்றின சரக்கு.

சரி, அண்ணன் கேள்விக்கு வருகிறேன். எல்லாக் காட்டு வாத்தும் தப்பிப்பதில்லை, பொங்கிலேயே பார்த்தோம். சில இனங்கள் கொடிய வகை தொற்றியும் பெரிதாகப் படுக்காமல் பறந்துவிடும், போகிற வழியெல்லாம் எச்சத்தில் விட்டுக்கொண்டே. வளர்ப்பு வாத்தும் ஒரு காலத்தில் அப்படித்தான், இந்தக் கிருமியால் அதிகம் சாகாது. 2002 கடைசியில் ஹாங்காங் பூங்காக்களில் நீர்ப்பறவைகள் சாக ஆரம்பித்தபோதுதான் கதை மாறியது. இப்போது எந்த வகை என்பதைப் பொறுத்து, வாத்தின் வயதைப் பொறுத்து, சாகலாம், சாகாமலும் இருக்கலாம். சாகாத வாத்துதான் ஆபத்து. 2004ல் தாய்லாந்தில் நெல் வயல்களில் மேய்ந்து திரிந்த வாத்துகள் இருந்த பகுதிகளில்தான் நோயும் அதிகம் என்று கண்டுபிடித்து, வாத்துகளைக் கொட்டகைக்குள் அடைக்கச் சொன்னார்கள். இதை நான் அண்ணனிடம் சொல்லவில்லை. அடைத்துவைத்துத் தீனி வாங்கிப் போட்டால் மறுமாதமே கடன்காரர் ஆகிவிடுவார். பிரான்ஸ் 2023 அக்டோபரிலிருந்து பண்ணை வாத்துகளுக்குத் தடுப்பூசி போடுகிறது, நோய் வெகுவாகக் குறைந்தும் இருக்கிறது. ஊர் ஊராகப் போகிற கூட்டத்துக்கு யார் எங்கே நிறுத்தி ஊசி போடுவது?

முட்டை சாப்பிடலாமா என்று அம்மா கேட்டார். நன்றாக வேகவைத்தால் கிருமி நிற்காது, அரைவேக்காடு வேண்டாம், செத்த பறவையைக் கையால் தொட வேண்டாம். அவ்வளவுதான் விஷயம், அம்மா குழம்பு வைத்துவிட்டார்.

போன தை மாதம் வாட்ஸப்பில் ஒரு படம் வந்தது. அண்ணன்தான். ஒரு வாத்து கழுத்தைத் தரையில் போட்டுப் படுத்திருக்கிறது. உடனே கூப்பிட்டேன். பறவைக் காய்ச்சலா என்று பார்க்க, கண் வெளுத்திருக்கா, வட்டமடிக்குதா, எத்தனை என்று அடுக்கினேன். கண் தெளிவாத்தான் இருக்கு, சுத்தல, மூணு வாத்து, கழுத்துதான் துவளுது என்றார். கால்நடை ஆஸ்பத்திரிக்குச் சொல்லுங்கண்ணே என்றேன்.

“சொன்னா எல்லாத்தையும் புதைச்சிடுவாங்களே தம்பி.”

இழப்பீடு உண்டு என்று இழுத்தேன். 2021ல் கேரளாவில் ரெண்டு மாதத்துக்கு மேற்பட்ட வாத்துக்கு 200 ரூபாய், குஞ்சுக்கு 100, முட்டைக்கு 5 என்று அறிவித்தார்கள், அதெல்லாம் எனக்கு மனப்பாடம். அவர் கேட்டது ஒன்றே ஒன்று: “காசு எப்ப வரும்?” முட்டையிடுகிற வாத்து அவருக்கு அந்தப் பருவம் முழுக்கச் சம்பளம். இழப்பீடு கைக்கு வருவதற்குள் அடுத்த கூட்டத்துக்குக் குஞ்சு வாங்க வட்டிக்குத்தான் போக வேண்டும். நோயைக் கண்டுபிடிக்கிற முதல் கண் அவருடையது, அந்த வாய் திறக்காமல் இருக்க அவருக்கு இத்தனை காரணம் இருக்கிறது.

ரெண்டு செத்தது, ஒன்று எழுந்துகொண்டது, மற்றதெல்லாம் நன்றாக மேய்ந்தன. வாய்க்காலில் ஏதோ அழுகினதைத் தின்றிருக்கும் என்றார் அண்ணன். துவண்ட கழுத்துக்கு அதுவும் ஒரு காரணம்தான், இருக்கலாம். யாரும் வந்து மாதிரி எடுக்கவில்லை, ஏனென்றால் அவரும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. அந்த வாரம் ஏரியில் வலசை வந்த ஊசிவால் வாத்துகள் நிறைய இறங்கியிருந்தன. நான் தொலைநோக்கியை எடுத்துக்கொண்டு கரையில் போய் நின்றேன், அவை இறங்கி மேய்ந்த தண்ணீர்தான் மதகு வழியாக எங்கள் வாய்க்காலுக்கு வந்துகொண்டிருந்தது.