வாக்காளர் அட்டை கையில் இருக்கு, பட்டியலில் பேர் இருக்கா?

1921இல் மெட்ராஸ் சட்டசபை பெண்களுக்கு ஓட்டு கொடுத்தது. பிரிட்டிஷ் இந்தியாவில் முதல் மாகாணம் நாம்தான். ஆனால் சொத்து, வரி என்று நிபந்தனை இருந்ததால் கூலி வேலைக்குப் போன பெண்ணுக்கு அது எட்டவேயில்லை. எல்லாருக்கும் ஒரே ஓட்டு என்றானது 1950இல், அரசியல் சாசனத்தின் 326ஆவது பிரிவால்.

அப்புறமும் 1951-52 முதல் பொதுத்தேர்தலில் சுமார் 28 லட்சம் பெண்கள், பெரும்பாலும் வடக்கே, ஓட்டை இழந்தார்கள். வாக்காளர் பட்டியலுக்குப் பெயர் எழுத வந்தவரிடம் 'இன்னார் மனைவி', 'இன்னார் அம்மா' என்றே சொல்லியிருந்தார்கள். சொந்தப் பெயர் இல்லாத அந்தப் பதிவுகள் நீக்கப்பட்டன. சட்டம் கொடுத்த ஓட்டு பட்டியலில் பறிபோனது.

சென்னையில் வாடகை வீட்டுக்காரர்களுக்கு இன்றும் பறிபோவது அங்கேதான். மயிலாப்பூரிலிருந்து வேளச்சேரிக்கு மாறினால் நிரப்ப வேண்டியது படிவம் 8. பலர் படிவம் 6 போடுகிறார்கள். அது முதல்முறை சேர்பவருக்கு. ஒரே ஆள் இரண்டு இடத்தில் பதியக் கூடாது, தெரிந்தே பொய் உறுதிமொழி கொடுத்தால் ஓராண்டு வரை சிறை.

அடுத்த சிக்கல் முகவரிச் சான்று. முத்திரைத்தாளில் எழுதிய 11 மாத ஒப்பந்தம் உதவாது, பதிவு செய்த ஒப்பந்தம் கேட்பார்கள். கேஸ் பில் என்றால் அந்த முகவரியில் ஓராண்டாவது ஆகியிருக்க வேண்டும். கரண்ட் பில் வீட்டு ஓனர் பெயரில் வரும். ஆகவே முதலில் ஆதாரிலோ வங்கி பாஸ்புக்கிலோ முகவரியை மாற்றிவிட்டுப் படிவத்தைத் தொடுங்கள். குடும்பப்பெயர் கட்டத்தில் அப்பா பெயரைத் திணிக்க வேண்டாம். நமக்கு இனிஷியல்தானே, காலியாக விடலாம். பட்டியலில் தேடும்போது பெயரை நம்பாமல் அட்டை எண்ணைப் போடுங்கள். ஓர் எழுத்து பிசகினாலும் பெயர் அகப்படாது.

வேட்புமனு தாக்கலின் கடைசி நாளோடு பட்டியல் மூடிவிடும். விண்ணப்பத்தை ஏழு நாள் ஆட்சேபணைக்கு வைப்பார்கள் என்பதால் தேர்தல் அறிவிப்புக்காகக் காத்திருக்காதீர்கள்.

பூத்தில் உங்கள் ஓட்டை வேறொருவர் ஏற்கெனவே போட்டிருந்தால் திரும்பி வந்துவிடாதீர்கள். 1961ஆம் ஆண்டுத் தேர்தல் நடத்தும் விதிகளில் 49P-யின்படி பூத்தின் தலைமை அலுவலரிடம் கேளுங்கள். நீங்கள் யார் என்று விசாரித்துவிட்டு, படிவம் 17B-யில் கையெழுத்து வாங்கி, ஓட்டுச்சீட்டு தருவார். மெஷினில் போட விடமாட்டார். அந்தச் சீட்டு தனி உறைக்குள் போகும். வழக்கமான எண்ணிக்கையில் அதைச் சேர்க்க மாட்டார்கள். ஆனால் வெற்றி சில ஓட்டில் நின்று வழக்கு உயர் நீதிமன்றத்துக்குப் போனால் அந்த உறையைத் திறக்கச் சொல்லலாம்.