சதுரகிரியில் ஓடை நிறம் மாறிய பிற்பகல்

மகாளய அமாவாசையன்று விடியும் வேளையில் நானும் என் பெரியப்பாவும் விருதுநகர் மாவட்டத்து வத்திராயிருப்பைக் கடந்து, சதுரகிரி மலையின் தாணிப்பாறை அடிவாரத்தில் வந்து இறங்கினோம். முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகச் சதுரகிரி ஏறிவரும் அவர், ஆசீர்வாத விநாயகர் முன் தேங்காய் விடலை போட்டதும், என்னைத் ‘தம்பி’ என்று அழைப்பதை விட்டுச் ‘சாமி’ என்று அழைக்கத் தொடங்கினார். மலையில் எல்லோருமே சாமிகள்தாம். அவர் சொன்ன முதல் சொல்லும் அப்போதுதான் வந்தது: “சாமி, ஓடைத் தண்ணியப் பாத்துக்கிட்டே நட. பாதைய விட்டு ஒரு அடி எறங்காத.”

நான்கு திசையிலும் மலைகள் அரணாக நிற்க, நடுவே சுந்தரமகாலிங்கமும் சந்தனமகாலிங்கமும் கோயில் கொண்டிருக்கும் இந்த வனத்தைச் சித்தர்களின் இருப்பிடம் என்று வழிவழியாகச் சொல்லி வருகிறார்கள். இரவில் சுடர்விடும் சோதிப்புல், அருகில் சென்றவரின் நினைவைக் கலைத்து வந்த வழியை மறக்கச் செய்யும் மதிமயக்கி மரம், கீழே விழுந்த விதை மீண்டும் தாய்மரத்திலேயே போய் ஒட்டிக்கொள்ளும் ஏறழிஞ்சில் என்று, ஏறுகிறவர்கள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டு போகும் அதிசயங்களுக்கு அளவில்லை. இவற்றில் எதையும் நான் கண்ணால் கண்டதில்லை. ஆனால் ஏறழிஞ்சிலைப் பற்றிக் கேட்கும்போதெல்லாம் சிவானந்தலகரியின் 61-ஆவது பாடல் நினைவுக்கு வருகிறது. பக்தி எது என்று சொல்ல வந்த ஆதிசங்கரர் அதில் முதல் உவமையாக எடுத்துக்கொண்டது, தன் மரத்தையே நாடிச் சேரும் இந்த அழிஞ்சில் விதையைத்தான்.

வழுக்குப்பாறையையும் கோரக்கர் குகையையும் இரட்டை லிங்கத்தையும் கடந்து, நாவல் ஊற்றில் கைகளைக் குவித்து நீர் அருந்தி, பிலாவடிக் கருப்பர் சந்நிதியை அடைந்தபோது கால்கள் தளர்ந்திருந்தன. அங்குள்ள பலாமரத்தில் எத்தனை காய்கள் தொங்குகின்றனவோ அத்தனை சித்தர்கள் அப்போது மலையில் உலவுகிறார்கள் என்பது நம்பிக்கை. பெரியப்பா அண்ணாந்து, விரல்விட்டு, மெதுவாக எண்ணினார். எத்தனை என்று என்னிடம் சொல்லவில்லை.

கருப்பர் அங்கே காவல் நிற்பதற்கு ஒரு கதை உண்டு. மலையில் கோயில் எழுப்பத் தொடங்கிய வணிகர் ஒருவர் பொருள் தீர்ந்து கலங்கி நின்றபோது, காலாங்கிநாதர் என்ற சித்தர் மூலிகைகளால் தைலம் வடித்து உலோகங்களைப் பொன்னாக்கிக் கொடுத்தாராம். எஞ்சிய தைலம் பேராசைக்காரர் கையில் சிக்கினால் உலகம் கெடும் என்று அதைக் கிணற்றில் ஊற்றி மூடிவிட்டு, காவலுக்குத் தெய்வங்களை நிறுத்தினார் என்கிறார்கள். ரசவாத மூலிகை தேடிக் காட்டுக்குள் போகிறவர்கள் கேட்கும் கதையும் இதே கதைதான் என்பதை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது. கிணறு மூடப்பட்டது என்பதுதானே கதையின் உயிர்நாடி?

சந்நிதியில் சுந்தரமகாலிங்கம் சற்றே சாய்ந்து நிற்கிறார். தன் காராம்பசுவின் மடியில் சந்நியாசி ஒருவர் பால் அருந்துவதைக் கண்டு, அவர் இன்னார் என்று அறியாமல் பச்சைமால் என்ற இடையன் கம்பால் ஓங்கி அடிக்க, சிவன் அந்த அடியை ஏற்றுக்கொண்டு அங்கேயே லிங்கமாக அமர்ந்தார் என்பது தலவரலாறு. தீபாராதனையின் ஒளியில் அந்தச் சாய்வைப் பார்த்துக்கொண்டு நின்றபோது, அடித்தவனுக்கும் அருளியவர் முன் என் வேண்டுதல்களில் ஒன்றுகூட எனக்கு நினைவுக்கு வரவில்லை. அதுவே போதும் என்று தோன்றியது.

இறங்கும்போதுதான் மலை தன் மறுமுகத்தைக் காட்டியது. மாங்கனி ஓடையை நெருங்கியபோது எங்கள் தலைக்கு மேல் வெயில் அடித்துக்கொண்டிருந்தது. மேற்கே உச்சியில் மட்டும் கருமேகம் திரண்டிருந்தது. காலையில் கணுக்கால் நனையக் கடந்த ஓடை அதே அளவில்தான் ஓடியது. நான் கால் வைக்கப் போனபோது பெரியப்பா என் தோளைப் பிடித்து நிறுத்தினார். நீரின்மேல் காய்ந்த சருகுகள் கொத்துக்கொத்தாக மிதந்து வந்தன. கூழாங்கற்கள் தெரியும்படி தெளிந்திருந்த நீரில் செம்மண் கரைசல் நூல் நூலாக இறங்கியது. புதுமண் வாசம் எழுந்தது. “மேல பேஞ்சிருச்சு சாமி,” என்றார். சிறிது நேரத்துக்குள், நான் கால் வைக்க இருந்த பாறை காணாமல் போயிற்று. செங்குத்தான சரிவில் பெய்யும் மழை பாறைமேல் தங்க இடமின்றிக் குறுகிய ஓடைகளில் ஒரே பாய்ச்சலாக இறங்குவதால், கீழே ஒரு துளிகூட விழாதபோதும் வெள்ளம் வந்துவிடுகிறது. 2015-ஆம் ஆண்டு மே மாதத்தில் இப்படி வந்த காட்டாற்று வெள்ளம் பக்தர்கள் பலரின் உயிரைக் கொண்டுபோயிற்று. அதன் பிறகு பிரதோஷம், அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் மட்டும் அனுமதி என்றும் இரவில் தங்கக் கூடாது என்றும் கட்டுப்பாடுகள் வந்தபோது மனம் நொந்தவர்களில் நானும் ஒருவன். இரைச்சலிடும் அந்த ஓடையின் கரையில் நின்றபோது அந்த வருத்தம் என்னைவிட்டு நீங்கியது.

கரையில் ஐம்பது பேருக்கு மேல் சேர்ந்துவிட்டோம். கடந்துவிடலாம் என்று துடித்த இளைஞர் இருவரை வனக்காவலர் தடுத்தார். வயதான அம்மா ஒருவர் அவர்களுக்குத் தம் பையிலிருந்த பொரிகடலையைக் கொடுத்து உட்கார வைத்தார். யாரோ ‘நமச்சிவாய வாழ்க’ என்று தொடங்க, தெரிந்தவர்கள் சிவபுராணம் முழுவதையும் சொன்னார்கள். மதிமயக்கி மரத்தைப் பற்றி அப்போது எனக்கு ஒன்று புரிந்தது. பாதையை விட்டு விலகாதே என்பதை, எழுதப் படிக்கத் தெரியாதவரும் பேரன் பேத்திக்குச் சொல்லும்படி முன்னோர் இந்த மரத்தின் பெயரில் வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள்.

ஒன்றரை மணி நேரம் கழித்து நீர் வடிந்தது. பாறைமேல் ஈரக்கோடு மட்டும் முழங்கால் உயரத்துக்கு மேலே நின்றது. வனக்காவலர் கயிற்றைக் கட்டி முடித்த பிறகும் பெரியப்பா அசையாமல் ஓடையையே பார்த்துக்கொண்டிருந்தார். அடியில் கூழாங்கற்கள் மறுபடியும் தெரியத் தொடங்கியதும், குனிந்து ஒரு கை நீரை அள்ளித் தம் தலையிலும் என் தலையிலும் தெளித்தார்.

“இப்ப வா சாமி,” என்றார்.