வெஸ்ட் இண்டீஸ் போட் எப்போ வரும்? பாரிஸ் ஒலிம்பிக் ராத்திரிக் குறிப்புகள்

ஜூலை 27, 2024, சனி

நேத்து ராத்திரி பதினொரு மணிக்கு ஓப்பனிங் செரிமனி ஆரம்பிச்சுது, செய்ன் ஆத்துல போட்ல வராங்க, கொட்டுற மழை. பெரிய நாடுங்களுக்குத் தனி போட், சின்ன நாடுங்க எல்லாம் மூணு நாலு சேர்ந்து ஒரே போட்ல ஷேர் ஆட்டோ மாதிரி. அப்பா பாதித் தூக்கத்துல "வெஸ்ட் இண்டீஸ் போட் எப்போடா வரும்?"னு கேட்டார். சிரிச்சுட்டேன். சிரிச்சப்புறம்தான் உறைச்சுது, நானும் சின்ன வயசுலேருந்து அப்படித்தானே நெனைச்சுட்டிருந்தேன்.

வெஸ்ட் இண்டீஸ்னு ஒரு நாடே கிடையாது. அது கிரிக்கெட்டுக்காக சேர்ந்து நிக்கிற கூட்டம், அவ்ளோதான். ஒலிம்பிக்ஸ்ல ஜமைக்கா தனி, பார்படாஸ் தனி, ஆன்டிகுவா தனி. ஒரே ஒரு தடவை, 1960 ரோம்ல, அப்போ இந்தத் தீவுங்க ஒண்ணா சேர்ந்து வெச்சிருந்த ஃபெடரேஷன் பேர்ல சேர்ந்து வந்து ரெண்டு வெண்கலம் வாங்கிருக்காங்க, 1962ல ஃபெடரேஷனே கலைஞ்சு போச்சு. இதை நான் படிச்சு முடிச்சு சொல்றதுக்குள்ள அப்பா குறட்டை.

நான் மட்டும் உக்காந்து கொடி எண்ணிட்டிருந்தேன். கிரெனடா கொடியில ஒரு ஜாதிக்காய் இருக்கு, டொமினிக்கா கொடியில ஊதா நெறக் கிளி, செயின்ட் லூசியா கொடியில ரெண்டு முக்கோணம், அது அவங்க ஊர் பிட்டன் மலைங்களாம்.

ஆகஸ்ட் 2, வெள்ளி

மத்தியானம் பெண்கள் 100 மீட்டர். முதல்ல ஒரு ப்ரிலிமினரி ரவுண்ட் வைக்கிறாங்க, அதை டிவியில யாரும் பெருசா காட்ட மாட்டாங்க. குவாலிஃபையிங் டைம் எட்டாத சின்ன நாட்டுக்கும் ஒரு இடம் குடுக்கணும்னு ரூல் இருக்கு, அப்படி வர்றவங்க ஓடுறது இதுல. துவாலுன்னு ஒரு பசிபிக் தீவு நாடு, அங்கேருந்து வந்த பொண்ணும் இதுலதான் ஓடுச்சு. மொத்த நாட்டுக்கும் பதினோராயிரம் பேர் பக்கம்தான், டீம்னு வந்ததே ரெண்டு பேர். தலைநகர் ஃபுனாஃபுட்டியில விமானம் வராத நேரம் ரன்வேதான் ஊருக்கே மைதானம். அப்படி ஒரு எடத்துலேருந்து வந்து பதினோரு பன்னெண்டு செகண்டுலயோ கொஞ்சம் கூடவோ வேலை முடிஞ்சு திரும்பிப் போறாங்க, ஆனா அந்த ஸ்டார்ட் லைன்ல நின்னுட்டாங்கள்ல.

நான் கண்ணு வெச்சிருக்கிறது செயின்ட் லூசியாவோட ஜூலியன் ஆல்ஃப்ரெட் மேல. மார்ச்ல கிளாஸ்கோ இன்டோர்ல 60 மீட்டர் ஓட்டத்த 6.98 செகண்டுல ஜெயிச்சவங்க. அதே கிளாஸ்கோவுல டொமினிக்காவோட தியா லஃபாண்ட் ட்ரிபிள் ஜம்ப்ல 15.01 மீட்டர் தாண்டி தங்கம். ரெண்டு நாடுமே ஒலிம்பிக்ஸுக்கு முதல்ல வந்தது 1996 அட்லாண்டா. 28 வருஷமா ரெண்டுக்கும் ஒரு வெண்கலம்கூட இல்ல.

அப்பாகிட்ட சொன்னா "செயின்ட் லூசியாவா, ரோஹித் 92 அடிச்ச கிரவுண்டு"ன்னார். கரெக்ட்தான், ஜூன்ல ஆஸ்திரேலியா மேட்ச். டொமினிக்கான்னா? "அஷ்வின் பன்னெண்டு விக்கெட், போன வருஷம்." இவருக்கு உலகமே ஸ்கோர் கார்டு.

ஆகஸ்ட் 4, ஞாயிறு, விடியக்காலம் மூணு மணி

தூக்கம் வரல, எழுதிட்டுப் படுக்கலாம்.

நம்ம நேரம் 11.50க்கு ட்ரிபிள் ஜம்ப் ஃபைனல் ஆரம்பம். டிவியில காட்டவே இல்ல, மொபைல்ல லைவ் ஸ்கோர ரெஃப்ரெஷ் பண்ணிட்டே இருந்தேன், ரெண்டாவது தாண்டல்ல லஃபாண்ட் 15.02ன்னு விழுந்துச்சு. அதுக்கப்புறம் ஒவ்வொரு ரவுண்டுக்கும் யாராச்சும் மேல போயிடுவாங்களோன்னு பயம். ஜமைக்காவோட ரிக்கெட்ஸ் 14.87, அதுக்கு மேல போகல. லஃபாண்ட் ரியோவுல குவாலிஃபையிங்லயே வெளிய, டோக்கியோவுல ஃபைனல்ல கடைசி, இப்போ தங்கம். கோச் வேற யாரும் இல்ல, அவங்க வீட்டுக்காரர்தான்.

நடுவுல 12.50க்கு 100 மீட்டர். ட்ராக் நனைஞ்சு பளபளன்னு இருக்கு. ஜமைக்காவோட ஷெல்லி ஆன் செமிஃபைனலுக்கே வரல, விலகிட்டாங்கன்னதும் எல்லாரும் அமெரிக்காவோட ஷகாரி ரிச்சர்ட்சன் பேரத்தான் சொல்லிட்டிருந்தாங்க, செமியில ஆல்ஃப்ரெட் அவங்கள முந்தினத யாரும் கண்டுக்கல. துப்பாக்கி சத்தம் கேட்டுச்சு, முப்பது மீட்டர்லயே ஆல்ஃப்ரெட் தனியா தெரியுறாங்க, நான் எந்திரிச்சு நின்னுட்டேன், அப்புறம் திரும்பிப் பாக்கிற தூரத்துல யாருமே இல்ல. 10.72. ரிச்சர்ட்சன் 10.87. 100 மீட்டர்ல 0.15 செகண்ட்னா அது சும்மா இல்லீங்க, ஆள் எட்டிப் பிடிக்கிற தூரத்துல இல்லன்னு அர்த்தம்.

நான் போட்ட சத்தத்துல அப்பா எந்திரிச்சு வந்து யார் அவுட்டுன்னு கேட்டார்.

அப்புறம் அந்தப் பொண்ணு பேசினத கேட்டேன். 23 வயசு. அப்பா 2013ல இறந்துட்டார், இந்தத் தங்கம் முதல்ல கடவுளுக்கு, அப்புறம் கோச்சுக்கு, அப்புறம் அப்பாவுக்குன்னு சொல்லி அழுதுட்டாங்க. ஸ்கூல் யூனிஃபார்ம்லயே செருப்பு இல்லாம ஓடினேன், எங்க ஊர்ல ஸ்டேடியம் சரியில்ல, இந்த மெடல வெச்சாவது புதுசா ஒண்ணு கட்டுவாங்கன்னு நெனைக்கிறேன்னு சொன்னாங்க. ஜெயிச்ச அஞ்சு நிமிஷத்துல ஊருக்கு ஸ்டேடியம் கேட்ட ஆள இதுக்கு முன்னாடி நான் பாத்ததில்ல. கிரிக்கெட்டுக்கு அங்க டேரன் சாமி பேர்ல நல்ல கிரவுண்டு இருக்கே, நாம டிவியில பாத்து மயங்கினது அதத்தானே, ஓடுறவங்களுக்கு மட்டும் இல்ல. பதினாலு வயசுல ஜமைக்கா போய், அப்புறம் டெக்ஸாஸ் போய்த்தான் இவங்க ஓட்டக்காரி ஆனாங்க. லஃபாண்டும் சின்ன வயசுலயே அமெரிக்கா போய் வளர்ந்தவங்கதான். அப்போ இந்த மெடல் தீவோடதா அமெரிக்காவோடதான்னு ஒருத்தன் கேட்டான். எனக்கு அந்தக் கேள்வியே பிடிக்கல. ஓடுறதுக்கு எடம் இல்லன்னு வெளிய போனாங்க, ஆனா போட்டுட்டு ஓடின ஜெர்ஸி எது?

இதோட முடியல. அதே ராத்திரி, பத்துப் போட்டி சேர்ந்த டெகாத்லான்ல கிரெனடாவோட லிண்டன் விக்டர் 8711 பாயிண்ட், வெண்கலம். டொமினிக்கா ஏறக்குறைய எழுபதாயிரம் பேர், கிரெனடா லட்சத்துக்குக் கொஞ்சம் மேல, செயின்ட் லூசியா ஒண்ணே முக்கால் லட்சம் பக்கம். மூணையும் கூட்டினாலும் நாலு லட்சம் தாண்டாது. ஒரே ராத்திரியில ரெண்டு தங்கம் ஒரு வெண்கலம். ஒரு ஜனவரி 23லயும் இன்னொரு ஜனவரி 23லயும் பொறந்த ரெண்டு பேர் நோபல் வாங்கின தீவு செயின்ட் லூசியா, 1979ல பொருளாதாரம், 1992ல இலக்கியம், ஒலிம்பிக் மெடல் மட்டும்தான் பாக்கி இருந்துச்சு. சரி தூங்கப் போறேன்.

ஆகஸ்ட் 7, புதன்

200 மீட்டர். அமெரிக்காவோட கேபி தாமஸ் 21.83, ஆல்ஃப்ரெட் 22.08, வெள்ளி. தாமஸ் அன்னிக்கு வேற லெவல், சொல்றதுக்கு ஒண்ணும் இல்ல. ஒரு மணி வரைக்கும் முழிச்சிருந்ததுக்கு ஆபீஸ்ல வாங்கிக் கட்டிக்கிட்டேன்.

ஆகஸ்ட் 9, வெள்ளி

நேத்து ராத்திரி ஜாவலின், வீட்ல எல்லாரும் முழிச்சிருந்தாங்க. நதீம் 92.97, நீரஜ் 89.45. மூணாவது கிரெனடாவோட ஆண்டர்சன் பீட்டர்ஸ் 88.54. "அந்தப் பையன்தானே போன தடவ நீரஜ தோக்கடிச்சான்"னு அம்மா கேட்டாங்க, 2022 வேர்ல்ட் சாம்பியன்ஷிப்ப சொல்றாங்க, ஞாபகம் வெச்சிருக்காங்க பாருங்க. போடியத்துல இந்தியா, பாகிஸ்தான், ஜாதிக்காய். நூத்தி நாப்பது கோடி, இருபத்திநாலு கோடி, ஒரு லட்சத்துச் சொச்சம்.

முந்தாநாள் கிரானி ஜேம்ஸ் 400 மீட்டர்ல அஞ்சாவது. 2012ல தங்கம், 2016ல வெள்ளி, 2020ல வெண்கலம்னு கிரெனடாவ மூணு ஒலிம்பிக்ஸ் ஒத்தை ஆளா தூக்கிட்டு வந்தவர். இந்தத் தடவ அவருக்கு இல்ல, ஆனா ஊருக்கு ரெண்டு வந்துடுச்சு.

ஆகஸ்ட் 10, சனி

பெண்கள் 400ல பாலினோ 48.17, தங்கம். உடனே வாட்ஸப்ல நாலு பேர் "உன் டொமினிக்கா மறுபடியும் ஜெயிச்சுடுச்சு"ன்னு அனுப்பிட்டாங்க. அது டொமினிகன் ரிபப்ளிக்டா! வேற நாடு, கோடிக்கு மேல ஜனம், ஸ்பானிஷ் பேசுறவங்க. எழுதி எழுதிக் கை வலிக்குது.

ஆகஸ்ட் 12, திங்கள்

முடிஞ்சுது. மெடல் டேபிள்ல செயின்ட் லூசியா 55வது இடம், டொமினிக்கா 62, இந்தியா 71. நம்மகிட்ட ஆறு மெடல் இருக்கு, தங்கம் இல்லாததால கீழ.

அப்பாவுக்கு இப்போ புதுக் கவலை. 2028 லாஸ் ஏஞ்சல்ஸ்ல கிரிக்கெட் வருது, ஆறு டீம்தான். வெஸ்ட் இண்டீஸ்னு கொடி இல்லையே, யார் வருவாங்க? 1998 கோலாலம்பூர் காமன்வெல்த் கேம்ஸ்ல ஜமைக்கா, பார்படாஸ், ஆன்டிகுவா தனித்தனியாத்தான் ஆடினாங்கன்னு காட்டினேன், நம்ம டீம்ல சச்சின்கூடப் போயிருந்தாரு. அப்பா பேப்பர் பேனா எடுத்துட்டு உக்காந்துட்டார், செயின்ட் லூசியா லெவன் போடுறாராம். சாமி, ஜான்சன் சார்ல்ஸ், அல்ஜாரி ஜோசஃப்னு எழுதினார். அல்ஜாரி ஆன்டிகுவாப்பான்னேன். அடிச்சுட்டு "அந்த ஓடுற பொண்ண டீப்ல நிறுத்திக்கலாம்"னு எழுதிட்டிருக்கார்.