ரெக்கார்டரை நிறுத்தாதீர்கள்: ஆவணப்படத் தேர்வில் நான் பட்ட பாடு

போன வாரம் முடிவு வந்தது. பி. முந்தைய பருவத்தில் டி கிரேடு வாங்கியவனுக்கு இதுவே தீபாவளி.

அந்த டி வந்த கதையை முதலில் சொல்லிவிடுகிறேன். நார்வேயில், ஓஸ்லோவில் ஒரு சின்னக் கச்சேரியை மூன்று கேமரா வைத்து எடுத்தேன். ஒரு பாட்டையும் விடவில்லை. பாட்டு முடிந்ததும் பேட்டரியை மிச்சம் பிடிக்க எல்லாவற்றையும் அணைத்துவிடுவேன். வாய்மொழித் தேர்வில் வெளியிலிருந்து வந்த தேர்வாளர், "வாசிக்காத நேரத்தில் இவர்கள் என்ன செய்வார்கள்?" என்றார். நான் விழித்தேன்.

இந்த முறை ஒரு பள்ளிக் கோர்ப்ஸை, அதாவது பிள்ளைகளின் ஊதுகருவி இசைக்குழுவைப் பிடித்தேன். நார்வேயின் தேசிய நாளான மே 17 ஊர்வலத்தில் சீருடை போட்டு ஊதிக்கொண்டு போவார்களே, அந்தப் பிள்ளைகள்தான். ஒத்திகை அறைக்குள் நுழையும்போதே ரெக்கார்டரைப் போட்டேன். கதவைப் பூட்டிய பிறகுதான் நிறுத்தினேன். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் ஸ்டீரியோவில் ஒரு மணி நேரத்துக்கு ஏறக்குறைய ஒரு ஜிபிதான். இதில் என்ன சிக்கனம்?

டிராம்போன் பையன் குழாயில் தேங்கிய நீரைத் தரையில் வடித்துவிட்டு, யாரும் பார்க்கிறார்களா என்று பார்த்தபடி ஷூவால் தேய்க்கிறான். பின்னால் வாஃபிள் சுடும் ஓர் அப்பா, பழைய சாமான் சந்தை டுக்னாடுக்கு (சம்பளமில்லாமல் எல்லோரும் கூடிச் செய்யும் வேலைக்கு) ஆள் சேரவில்லை என்று புலம்புகிறார். அந்தச் சந்தையில் வரும் காசில்தான் கருவிகள் வாங்க வேண்டும். அவர் முகம் படத்தில் இல்லை, குரல் மட்டும். அந்தக் குரலுக்கடியில் தேசிய கீதம் தட்டுத் தடுமாறி வருகிறது. பி கிடைத்தது அந்த நாற்பது நொடிக்குத்தான் என்று நினைக்கிறேன்.

மற்றவை சுருக்கமாக:

- திறந்தவெளி ஊர்வலக் காட்சிக்கு ஆளாளுக்கு ஒப்புதல் வாங்க வேண்டாம்; நார்வே பதிப்புரிமைச் சட்டத்தின் 104-ஆம் பிரிவு விலக்குத் தருகிறது. ஒத்திகை அறைக்கு அது செல்லாது. பெற்றோர் கையெழுத்தை மார்ச்சிலேயே வாங்கிவிடுங்கள், ஏப்ரலில் எல்லோரும் ஈஸ்டருக்கு மலைக்குப் போய்விடுவார்கள்.
- தேசிய கீதத்துக்கு மெட்டமைத்த நூர்ட்ராக் 1866-லும், எழுதிய பியோர்ன்சன் 1910-லும் இறந்தவர்கள். மெட்டுக்கும் வரிகளுக்கும் உரிமைத் தொல்லை இல்லை. பிள்ளைகள் பாப் பாட்டு வாசித்தால் அது தனித் தலைவலி.
- ஜிம் ஹால் விளக்கு மினுக்கினால் கேமராவில் நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 நொடி.
- நேர்காணல் நான் எடுக்கவே இல்லை, எனக்குக் கூச்சம். வாய் உள்ளவர்கள் எடுங்கள்.
- எழுத்துப் பகுதிக்கு மூன்று வாரத்துக்குள் முறையிடலாம், மதிப்பெண் இறங்கவும் செய்யும். வாய்மொழிக்கு மறுமதிப்பீடே கிடையாது. என் டி அப்படியே நிற்கிறது.